பச்சைப் பொட்டு வைத்த கார்டு

மாதத்தில் பதினைந்தாம் தேதி வந்தால் என் மனைவி செங்கமலத்துக்குக் கால் தரையில் பாவாது. அன்றைக்குத்தான் எங்கள் முந்திரித்தோப்புத் தெருப் பெண்களுக்கு அரசாங்கம் கொடுக்கும் உரிமைத்தொகை வங்கியில் ஏறும். ஏறிய பணத்தை யாராவது எடுத்து வர வேண்டும் அல்லவா? அதற்குத் தெருவிலேயே ஒரே ஆள் என் மனைவி. முதல் நாள் சாயங்காலமே எல்லா வீட்டு ஏடிஎம் கார்டும் எங்கள் வீட்டுக்கு வந்துவிடும். மறுநாள் காலையில் அவற்றை ரப்பர் பேண்டு போட்டுக் கட்டி, மஞ்சப்பையில் வைத்துக்கொண்டு, என் மொபெட்டின் பின்னால் ஏறி டவுனுக்குப் புறப்படுவாள்.

என்னைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். பெயர் குணசேகரன். மஸ்கட்டில் லாரி ஓட்டிவிட்டு ஊர் திரும்பியவன். இப்போது கொஞ்சம் கடலை, கொஞ்சம் முந்திரி, மீதி நேரம் செங்கமலத்துக்கு டிரைவர். அங்கே திட்டு வாங்கினால் சம்பளமாவது வரும். இங்கே அதுவும் கிடையாது.

தெருவில் மற்றவர்களுக்கு விவரம் இல்லாமல் இல்லை. பிள்ளைகள் எல்லாம் இன்ஜினியர், நர்ஸ் என்று வெளியூரில் இருக்கிறார்கள். அம்மாக்கள் அவர்களோடு வீடியோவில் பேசிக்கொண்டே மீன் ஆய்கிறவர்கள்தாம். ஆனால் ஏடிஎம் அறை என்றால் மட்டும் ஒவ்வொருத்திக்கும் ஒரு காரணம் வந்துவிடும். ஒருத்திக்கு அந்தக் குளிர் ஒத்துக்கொள்ளாது. இன்னொருத்திக்குக் கதவு தானாகச் சாத்திக்கொள்வது பிடிக்காது. எதிர்வீட்டு மருதாயி கார்டை ஒருமுறை மெஷின் விழுங்கிவிட்டது. அவள் அதன் முன்னால் இடுப்பில் கை வைத்து நின்று, "குடுக்கிறியா இல்லையா" என்று வெகுநேரம் கேட்டுப் பார்த்தாள். அதோடு அவளும் போவதை விட்டுவிட்டாள்.

இந்த வேலைக்குச் செங்கமலத்துக்கு யாரும் எதுவும் தருவதில்லை. தந்தாலும் வாங்கமாட்டாள். அவளுக்கு வேண்டியது வேறு. பணத்தைக் கொண்டுபோய்க் கொடுக்கும்போது, "செங்கமலம் கையில குடுத்தா பேங்குல போட்ட மாதிரி" என்று யாராவது ஒரு வார்த்தை சொல்லவேண்டும். அந்த ஒரு வார்த்தையில் அடுத்த பதினைந்தாம் தேதி வரைக்கும் தெம்பாக இருப்பாள். கல்யாணமான நாளிலிருந்து நானும் எத்தனையோ நல்ல வார்த்தை சொல்லிப் பார்த்திருக்கிறேன், அந்தத் தெம்பு வந்ததில்லை. வார்த்தையில் குறையா, சொன்ன ஆளில் குறையா என்று தெரியவில்லை.

கார்டுகள் எல்லாம் ஒரே வங்கியுடையவை, ஒரே நீலம். பெயர் இங்கிலீஷில் எறும்பு ஊர்ந்த மாதிரி இருக்கும். மெஷின் முன்னால் நின்று அதைப் படித்துக்கொண்டிருந்தால் பின்னால் நிற்கிறவர்கள் சும்மா விடுவார்களா? அதற்கு அவள் குழாயடி வழியைக் கையில் எடுத்தாள். எங்கள் தெருவில் குடங்கள் மாறிப்போகாமல் இருக்க ஒவ்வொரு வீடும் ஒரு அடையாளம் வைத்திருக்கும். ஒரு வீட்டுக்கு மஞ்சள் பெயிண்டில் புள்ளி, ஒரு வீட்டுக்குக் கழுத்தில் சிவப்புக் கயிறு. யாரும் பெயரைப் பார்த்துக் குடம் எடுப்பதில்லை. அதே மாதிரி கார்டுகளின் மூலையில் ஆளுக்கொரு நிறத்தில் ஸ்டிக்கர் பொட்டு ஒட்டினாள்.

அதே தெருவில் வாழ்க்கைப்பட்டிருக்கும் என் தங்கை அழகம்மாளுக்குப் பச்சைப் பொட்டு. மருதாயிக்குச் சிவப்பு. மருதாயி புருஷனை இழந்தவள். "எனக்கெதுக்குடி பொட்டு" என்று பின்வாங்கினாள். "ஒனக்கா வைக்கிறேன், கார்டுக்குத்தான வைக்கிறேன். அதுக்கென்ன புருஷனா செத்துப்போனான்" என்று செங்கமலம் பெரிய பொட்டாகவே பார்த்து ஒட்டிவிட்டாள். மாதா கோயிலுக்குப் பக்கத்து வீட்டு இன்னாசியம்மாள் பொட்டு வேண்டாம் என்றார். அவர் கார்டில் நகப்பாலிஷால் ஒரு சின்னச் சிலுவை.

பின் நம்பர்களும் செங்கமலம் வைத்தவையே. கார்டு வந்த புதிதில், "நீயே ஒண்ண வச்சுவிடு" என்று எல்லாரும் அவள் தலையில் கட்டிவிட்டார்கள். அவள் எதையும் எழுதி வைக்கவில்லை. ஒவ்வொருத்திக்கும் வாழ்க்கையில் நல்லது நடந்த ஒரு வருஷத்தை நம்பராக வைத்தாள். மருதாயிக்குப் பேத்தி பிறந்த வருஷம். இன்னாசியம்மாளுக்கு மகன் குடியை விட்ட வருஷம். தனக்கு எப்போது நல்லது நடந்தது என்பது அவரவருக்கு மறந்துபோயிருக்கும். செங்கமலத்துக்கு மறக்காது.

இந்த ஏற்பாடு சட்டப்படி சரியில்லை என்பது எங்களுக்குத் தெரியாமல் இல்லை. போன மாசி மாதம் வங்கி அதிகாரி ஒருவர் மைக்கோடு தெருவுக்கு வந்தார். போலி கார்டு திருடர்கள் பெருகிவிட்டார்கள், கார்டையும் நம்பரையும் யாரிடமும் கொடுக்காதீர்கள், கொடுத்தால் உங்கள் பணத்துக்கு நாங்கள் பொறுப்பல்ல என்று பேசினார். எல்லாரையும் கையை நீட்டச் சொல்லிச் சத்தியம் வாங்கினார். பெண்கள் கணீரென்று சத்தியம் செய்தார்கள். எல்லாருக்கும் மேலே கேட்டது என் மனைவியின் குரல். அதிகாரியின் கார் முக்கு திரும்புவதற்குள், "நாளைக்குப் பதினஞ்சு, மறந்துராத" என்று கார்டுகள் அவள் கைக்கு வந்துவிட்டன. ஆனால் அவர் சொன்ன அந்த 'பொறுப்பல்ல' மட்டும் தெருவுக்குள் ஒரு சுற்று சுற்றி, நம்பரை வெளியே சொன்னது தெரிந்தால் உரிமைத்தொகையையே நிறுத்திவிடுவார்கள் என்று வளர்ந்து நின்றது.

சம்பவம் நடந்த பதினைந்தாம் தேதியும் வழக்கம்போலத்தான் புறப்பட்டோம். இரண்டு விஷயங்களை மட்டும் இங்கே சொல்ல வேண்டும். ஒன்று, என் மொபெட்டை ஒருமுறை அணைத்தால் மறுபடி கிளப்புவதற்கு இரண்டு பேர் தள்ளவேண்டும். ஆகவே அவள் உள்ளே போய்வரும் வரை நான் வெளியே எஞ்சினை ஓடவிட்டு நிற்பேன். இரண்டு, செங்கமலத்தின் ஹெல்மெட் கொக்கி அடிக்கடி சிக்கிக்கொள்ளும். சிக்கினால் வீட்டுக்கு வந்து எண்ணெய் விட்டுத்தான் கழற்ற முடியும். அன்றைக்குச் சிக்கிக்கொண்டது. "மெஷினுக்கு என் மொகம் எதுக்கு, கார்டு போதாதா" என்று அவள் ஹெல்மெட்டோடு உள்ளே போய்விட்டாள்.

உள்ளே நடந்தது பின்னால் அவள் சொல்லித் தெரிந்தது. நாலைந்து கார்டுக்குப் பணம் எடுத்ததும் மேலேயிருந்து ஒரு ஆண் குரல் இந்தியில் ஏதோ சொல்லியிருக்கிறது. எங்கேயோ வடக்கே உட்கார்ந்து கேமராவில் பார்த்துக்கொண்டிருக்கும் காவல்காரன். ஹெல்மெட்டைக் கழற்றுங்கள் என்றுதான் சொல்லியிருப்பான். செங்கமலம் அண்ணாந்து பார்த்து, "எல்லாத்தையும் எடுத்துட்டுத்தான் போவேன், அதுவரைக்கும் பேசாம இரு" என்று பதில் சொல்லியிருக்கிறாள். மஸ்கட்டில் நான் கஷ்டப்பட்டுக் கற்ற இந்தி ஊருக்குத் திரும்பியபின் ஒரே ஒரு நாள் தேவைப்பட்டது. அன்றைக்கு மொபெட் சத்தத்தில் எனக்கு ஒன்றும் கேட்கவில்லை.

அழகம்மாளின் கார்டைப் போட்டபோது மெஷின் அதை ஏற்காமல் வெளியே தள்ளியது. பின்னால் நின்ற பையன் முன்னால் வந்தான். அயர்ன் பண்ணின சட்டை, கழுத்தில் ஏதோ கம்பெனி அடையாள அட்டை, அக்கா என்ற மரியாதை.

"சிப்புல அழுக்கு இருக்குக்கா. குடுங்க, தொடைச்சுத் தாரேன்."

கர்சீப்பில் துடைத்து அவனே மெஷினில் சொருகினான். "இப்ப நம்பரப் போடுங்க" என்றான். போட்டாள். ஹெல்மெட்டுக்குள் இருப்பவளுக்குப் பக்கத்தில் நிற்பவனின் கண் எங்கே போகிறது என்று தெரியாது. நம்பர் தவறு என்று காட்டியது மெஷின். "சர்வர் டவுனுக்கா, பெறகு வாங்க" என்று கார்டை எடுத்து அவள் கையில் கொடுத்தான். இந்திக்காரன் வேறு மேலேயிருந்து விடாமல் கத்திக்கொண்டிருந்ததால், அவள் அதைப் பார்க்காமலே கட்டில் செருகி ரப்பர் பேண்டைப் போட்டாள்.

அந்த நேரத்தில்தான் போலீஸ் ஜீப் வந்து என் மொபெட்டுக்குக் குறுக்கே நின்றது. போன வாரம் பக்கத்து ஊரில் ஒரு கும்பல் கட்டுக்கட்டாகப் போலி கார்டு போட்டு மெஷினைத் துடைத்துவிட்டுப் போயிருந்ததாம். முகத்தை மறைத்த ஒருவர், கையில் கார்டுக் கட்டு, வெளியே கிளம்பத் தயாராக ஒரு வண்டி. இந்த மூன்றும் இருந்தால் விடாதே என்று எல்லா ஸ்டேஷனுக்கும் தகவல் போயிருந்தது. எங்களிடம் மூன்றும் இருந்தன.

இறங்கிய ஏட்டு ராக்கன் என் சட்டைக் காலரைப் பிடித்தார். "வண்டிய ஏன்யா ஆஃப் பண்ணாம நிக்கிற?"

"ஆஃப் பண்ணினா திரும்ப ஸ்டார்ட் ஆகாதுங்க."

"தப்பிச்சு ஓடுறதுக்கு ரெடியா வச்சிருக்க."

"இதை வச்சுக்கிட்டு எங்கங்க ஓடுறது. பின்னால நடந்து வாரவங்களே எங்களை முந்திருவாங்க" என்றேன். அவர் சிரிக்கவில்லை. எட்டிச் சாவியைத் திருப்பி வண்டியை அணைத்தார். எனக்கு உயிரே அணைந்த மாதிரி இருந்தது.

உள்ளே போன எஸ்.ஐ. அன்புமொழி, கார்டுக் கட்டும் ஹெல்மெட்டுமாக நின்ற என் மனைவியை வெளியே கூட்டி வந்தார். சின்ன வயசுதான், ஆனால் குரலில் தண்டவாளம் இருந்தது. அந்த அயர்ன் சட்டைப் பையன் பின்னாலேயே வந்து, யாரும் கேட்காமலே பேசினான்.

"எம் பேரு பிரவீன்குமார் மேடம். நானும் பாத்துக்கிட்டேதான் நின்னேன். கார்டு மேல கார்டா போட்டாங்க. எனக்கே சந்தேகமாத்தான் இருந்துச்சு."

"நல்லதாப் போச்சு. நீங்கதான் சாட்சி. ஜீப்புல ஏறுங்க."

"எனக்கு வேலை இருக்கு மேடம்."

"சாட்சி சொல்றதும் வேலைதான்" என்றார் எஸ்.ஐ. வேலியில் போன ஓணானை எடுத்து மடியில் கட்டிக்கொண்டவன் மாதிரி அவன் ஏறி உட்கார்ந்தான். அப்போது அது எனக்குப் புரியவில்லை. படித்த பையன், போலீசைக் கண்டு கூச்சப்படுகிறான் என்று நினைத்துக்கொண்டேன்.

ஸ்டேஷனில் முதல் கால்மணி நேரம் ஹெல்மெட்டைக் கழற்றுவதிலேயே போனது. ஏட்டு இழுத்தார், நான் இழுத்தேன், செங்கமலம் இரண்டு பேரையும் திட்டினாள். கடைசியில் அதோடேயே விசாரணை நடக்கட்டும் என்று எஸ்.ஐ. விட்டுவிட்டார்.

"இதெல்லாம் யாரு கார்டும்மா?"

"எங்க தெருவுதுங்க."

"நம்பரெல்லாம் ஒங்களுக்கு எப்படித் தெரியும்?"

"நாந்தானேங்க வச்சேன்."

எஸ்.ஐ. ஏட்டைப் பார்த்தார். "அடுத்தவங்க கார்டு. அதுக்கு நீங்களே நம்பர் வச்சீங்க. நீங்களே பணமும் எடுப்பீங்க."

"அடுத்தவங்க இல்லைங்க மேடம். எங்க தெருவுங்க" என்றாள் செங்கமலம். அவளுக்கு இதற்குமேல் எப்படி விளக்குவது என்று தெரியவில்லை. "வேணும்னா எங்க ஆளுகளக் கூப்பிட்டுக் கேளுங்க. ஒருத்தி விடாமச் சொல்லுவா."

என் போனிலிருந்தே அழகம்மாளுக்குப் பேசினார்கள். கொஞ்ச நேரத்தில் முந்திரி மூட்டை ஏற்றும் லோடு ஆட்டோ வாசலில் வந்து நின்றது. தெருப் பெண்கள் மொத்தப் பேரும் அதிலிருந்து இறங்கினார்கள். ஹெல்மெட்டுக்குள் என் மனைவி முகம் மலர்ந்தது. "வந்துட்டாளுக. இப்பப் பாருங்க" என்று ஏட்டிடம் சொல்லிவிட்டு, பெஞ்சில் கொஞ்சம் சாய்ந்துகூட உட்கார்ந்தாள்.

எஸ்.ஐ. எல்லாரையும் வரிசையாக நிற்கவைத்துக் கேட்டார். "ஒங்க கார்டு நம்பரெல்லாம் இந்த அம்மாவுக்குத் தெரியுமாமே. நீங்க குடுத்த கார்டுதானா இது?"

சுவரில் ஒரு போஸ்டர் இருந்தது. அதில் ஒரு கார்டு படமும், அதன்மேல் பெருக்கல் குறியும், உதட்டில் விரல் வைத்த ஒரு பெண்ணும். எல்லாருடைய கண்ணும் அந்தப் போஸ்டரில் போய் நின்றது. அவர்கள் மனசில் ஓடியது எனக்குத் தெரிந்துவிட்டது. உண்மையைச் சொன்னால் மாதப் பணம் நின்றுவிடும்.

முதலில் பேசியது என் தங்கை. "இல்லைங்க மேடம். நாங்க நம்பர யாருக்கும் சொல்றதில்லைங்க."

"பேங்குக்காரருக்குக் கைய நீட்டிச் சத்தியம் பண்ணியிருக்கோம்ங்க" என்றாள் ஒருத்தி.

"அந்த மாதிரிப் பழக்கமே எங்க தெருவுல கெடையாதுங்க" என்று மருதாயி முடித்துவைத்தாள்.

"அப்ப ஒங்க கார்டெல்லாம் இவங்க கைக்கு எப்படி வந்துச்சு?"

"அதாங்க எங்களுக்கும் தெரியலை" என்றாள் அழகம்மாள்.

நான் செங்கமலத்தைப் பார்த்தேன். போலீஸ் பிடித்தபோது அவள் பயப்படவில்லை, ஜீப்பில் ஏற்றியபோது அவமானப்படவில்லை. இப்போது ஹெல்மெட் கண்ணாடிக்குப் பின்னால் கண்ணீர் இறங்கிக்கொண்டிருந்தது. அதைத் துடைக்க அவளால் உள்ளே கையை விட முடியவில்லை. கூடப் பிறந்தவள் என்று பாராமல் அழகம்மாளை அங்கேயே ஒரு அறை விடலாமா என்றிருந்தது. ஒரு ஆயிரம் ரூபாய்க்குப் பயந்து ஒரு மனுஷியை ஜெயிலுக்கு அனுப்பத் தயாராக நின்றது எங்கள் தெரு.

"அப்ப நான் கெளம்பட்டா மேடம்" என்று எழுந்தான் பிரவீன்குமார்.

"உக்காருங்க" என்றார் எஸ்.ஐ. அவருக்கு ஏதோ உறுத்தியிருக்க வேண்டும். பெண்கள் பக்கம் திரும்பினார். "சரி. நம்பர எங்கிட்டச் சொல்ல வேணாம். எதிர்த்தாப்புல ஒரு ஏடிஎம் இருக்கு. ஒவ்வொருத்தரா அவங்கவங்க கார்டோட போயி, நம்பரப் போட்டு, ஒரு சீட்டு மட்டும் எடுத்துட்டு வாங்க. கார்டு ஒங்களுதுன்னு ஒத்துக்கிட்டு அனுப்பிடுறேன். இந்த அம்மா மேல கேஸ் எழுதிடலாம்."

யாரும் நகரவில்லை. ஒருத்தி முந்தானையைத் திருகினாள். ஒருத்தி, "நீ முன்னால போ" என்று பக்கத்தில் நின்றவளின் விலாவில் குத்தினாள். குத்துப்பட்டவள் அடுத்தவளைக் குத்தினாள். அந்தக் குத்து வரிசையாக வந்து கடைசியில் நின்ற இன்னாசியம்மாளிடம் முடிந்தது. அவர் வந்ததிலிருந்து ஒரு வார்த்தையும் பேசாமல் ஜெபமாலையை உருட்டிக்கொண்டு நின்றவர். மெல்ல நகர்ந்து பெஞ்சுக்குப் பக்கத்தில் வந்தார். ஹெல்மெட்டில் வாயை வைத்துக் கேட்டார். அது ரகசியமாம். ஸ்டேஷன் வாசலில் நின்ற ஆட்டோக்காரன்வரைக்கும் கேட்டது.

"ஏத்தா செங்கமலம், என் நம்பரு என்னாத்தா?"

செங்கமலம் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "எனக்கு எப்படிக்கா தெரியும்? நீங்கதான் யாருக்கும் சொல்லலையே."

எஸ்.ஐ. பேனாவைக் கீழே வைத்தார். ஏட்டு ராக்கன் சிரிப்பை அடக்க ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"அப்படிச் சொல்லாதத்தா. மாதா சத்தியமா எனக்கு ஞாபகம் இல்லை."

"சத்தியமெல்லாம் இன்னைக்குப் போதும்க்கா. மேடத்துக்கிட்டச் சொல்லுங்க. கார்டக் குடுத்தது யாரு, நம்பர வையின்னது யாருன்னு சொல்லுங்க. பெறகு என் வாயத் தொறக்குறேன்."

இன்னாசியம்மாள் எஸ்.ஐ.யைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டு, தான் கொடுத்ததாக ஒத்துக்கொண்டார். பணம் நின்றால் நிற்கட்டும், பொய் சொல்லிவிட்டு ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்குப் போகமுடியாது என்றார். ஒரு மடை திறந்ததும் மற்றவையும் திறந்தன. நானும் குடுத்தேன், நானும் குடுத்தேன் என்று ஆளாளுக்கு முந்திக்கொண்டார்கள். இந்தப் பழக்கம் எப்போதிலிருந்து இருக்கிறது என்பதை மருதாயி விவரமாகவே எடுத்துச் சொன்னாள். அழகம்மாள் மட்டும் தலையைக் குனிந்து நின்றாள். முதலில் பொய் சொன்னவளுக்கு உண்மைக்குத் திரும்பும் வழி மற்றவர்களைவிட நீளம்.

எஸ்.ஐ. பெருமூச்சு விட்டுக் கட்டைப் பிரித்து மேஜையில் கொட்டினார். "அவங்கவங்க கார்டப் பாத்து எடுங்க."

குழாயடியில் குடம் எடுக்கிற அதே வேகத்தில் கைகள் பாய்ந்தன. ஒருத்தியும் பெயரைப் படிக்கவில்லை. மேஜை ஒரு நொடியில் காலியானது. காலியாகவில்லை, ஒரே ஒரு கார்டு கிடந்தது. அழகம்மாள் கை மட்டும் வெறுங்கையாக நின்றது.

"அதான் ஒங்களுது, எடுங்க" என்றார் ஏட்டு.

"இது எனதில்லைங்க. இதுல பொட்டு இல்லை. எனக்குப் பச்சைப் பொட்டு."

செங்கமலம் எழுந்து வந்து அந்தக் கார்டைத் தூக்கிப் பார்த்தாள். எழுத்துக்கூட்டிப் படித்தாள். அருள்தாஸ் என்று இருந்தது. எங்கள் தெருவில் அப்படி ஒரு ஆள் இல்லை. அவள் ஹெல்மெட் மெதுவாகப் பெஞ்சின் அந்தக் கோடிக்குத் திரும்பியது. "இந்தத் தம்பிதான் மேடம் தொடைச்சுத் தாரேன்னு வாங்குச்சு."

பிரவீன்குமார் அப்போது பெஞ்சில் இல்லை, வாசற்படியில் ஒரு கால் வைத்திருந்தான். ஏட்டு ராக்கன் பிடித்து உள்ளே இழுத்துவந்து பையைக் கவிழ்த்தார். நீலம், சிவப்பு என்று யார் யாருடைய கார்டுகளோ விழுந்தன. பெயரே இல்லாத வெள்ளைக் கார்டுகளும் விழுந்தன. எல்லாவற்றுக்கும் மேலே பச்சைப் பொட்டு வைத்துக்கொண்டு ஒரு கார்டு வந்து உட்கார்ந்தது.

"இது யாருது?" என்றார் எஸ்.ஐ.

"எங்க அம்மா கார்டு மேடம்."

எஸ்.ஐ. கார்டைப் பார்த்தார். "அம்மா பேரு அழகம்மாளா?"

"ஆமா மேடம்."

அழகம்மாள் அவனைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தாள். "ஒன்னையப் பெத்ததா எனக்கு ஞாபகம் இல்லையேப்பா" என்றாள்.

அதற்குப்பிறகு ஸ்டேஷனில் யாராலும் சிரிப்பை அடக்கமுடியவில்லை. அந்தப் பையன்தான் போன வாரக் கும்பலில் ஒருத்தன் என்று சாயங்காலத்துக்குள் தெரிந்துவிட்டது. எஸ்.ஐ. எங்களுக்கு டீ வாங்கிக் கொடுத்தார். செங்கமலம் ஹெல்மெட்டுக்குள் டம்ளரை நுழைக்கமுடியாமல் எனக்கே கொடுத்துவிட்டாள். கிளம்பும்போது எஸ்.ஐ. எல்லாரையும் நிறுத்தி, "இந்த அம்மா செஞ்சதும் தப்பு, நீங்க செஞ்சது அதவிடத் தப்பு. எல்லாரும் நம்பர மாத்துங்க. இனிமே யாருக்கும் சொல்லக்கூடாது. இவங்களுக்கும் சொல்லக்கூடாது" என்றார். அழகம்மாளின் கார்டை வழக்குக்காக வைத்துக்கொண்டார்கள். அவளுக்கு வங்கியிலிருந்து புதுக் கார்டு வருமாம். ஏடிஎம் வாசலில் அணைந்து கிடந்த வண்டியைக் கிளப்ப ஏட்டு ராக்கனே வந்து தள்ளிவிட்டார். அந்த மட்டில் அரசாங்கம் எங்களுக்கு நியாயம் செய்தது.

வீட்டுக்கு வந்து, எண்ணெய் விட்டு, ஹெல்மெட்டைக் கழற்றியதும் செங்கமலம் சொன்னாள்.

"போலீஸு பிடிச்சது எனக்குப் பெரிசில்லைங்க. அவுகளுக்கு என்னையத் தெரியாது. இவளுகளுக்குத் தெரியும்ல. அதுலயும் அழகு, ஒங்க கூடப் பொறந்தவ, எப்படி வந்துச்சுன்னே தெரியலைன்னு சொல்லிப்புட்டாளே."

தங்கையைத் திட்டினால் மனைவி சமாதானமாவாள் என்று நினைத்துத் திட்டினேன். "எம் நாத்தனார நீங்க ஒண்ணும் பேசவேணாம்" என்று அதற்கும் எனக்குத்தான் விழுந்தது.

அடுத்த பதினைந்தாம் தேதி எங்கள் வீட்டுக்கு ஒரு கார்டும் வரவில்லை. தெருப் பெண்கள் வங்கியில் புது நம்பர் வாங்கிக்கொண்டு, லோடு ஆட்டோ பிடித்து அவர்களே டவுனுக்குப் போனார்கள். வெட்கம் அவர்களை எங்கள் வாசல் பக்கம் வரவிடவில்லை, ரோஷம் இவளைத் தெருப் பக்கம் போகவிடவில்லை. செங்கமலம் நாள்முழுதும் முந்திரிக்கொட்டை உடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஆட்டோ திரும்பி வந்த சத்தம் கேட்டதும், "மருதாயிக்கு மெஷினு குடுத்துச்சோ என்னமோ" என்று சுவரைப் பார்த்துச் சொன்னாள். தண்ணீர் பிடிக்கக்கூட எல்லாரும் போய்விட்டு வந்த பிறகுதான் போனாள். எனக்கு அதைப் பார்க்கச் சகிக்கவில்லை. வீட்டில் திட்டு குறைந்துபோனது அதைவிடச் சகிக்கவில்லை.

அதற்குச் சில நாள் கழித்து ஒரு மத்தியானம் அழகம்மாள் வாசலில் வந்து நின்றாள். கையில் வங்கியிலிருந்து தபாலில் வந்த கவர்.

"அண்ணே, மதினி இருக்கா?"

செங்கமலம் உள்ளேயிருந்து பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். எழுந்திருக்கவில்லை. அழகம்மாள் தானே உள்ளே போய் அவள் எதிரில் உட்கார்ந்தாள். கொஞ்ச நேரம் இரண்டு பேரும் முந்திரித் தோலைப் பொறுக்கினார்கள். அப்புறம் என் தங்கை கவரைப் பிரித்துப் புதுக் கார்டை வெளியே எடுத்தாள். அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு தன் நெற்றியிலிருந்த சிவப்புப் பொட்டை எடுத்து, கார்டின் மூலையில் ஒட்டி, மதினியிடம் நீட்டினாள்.

செங்கமலம் அதை வாங்கிப் பார்த்தாள். "செவப்பு மருதாயிக்கு" என்றாள்.

எழுந்து போய் அலமாரியிலிருந்து பொட்டு அட்டைகளை எடுத்துவந்தாள். பச்சை அட்டையில் ஒரே ஒரு பொட்டுதான் குறைந்திருந்தது. வேறு யாருக்கும் அந்த நிறத்தை அவள் கொடுக்கவில்லை. கார்டிலிருந்த சிவப்பைப் பிரித்து, என் தங்கையின் முகத்தை மோவாயில் பிடித்து நிமிர்த்தி, இருந்த இடத்திலேயே நெற்றியில் வைத்து அழுத்தினாள். பிறகு பச்சையை எடுத்துக் கார்டில் ஒட்டினாள்.

அழகம்மாள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு எழுந்தாள். வாசல்வரை போனவள் திரும்பினாள்.

"நம்பர நீயே வச்சிரு மதினி. அந்த மேடம் சொன்ன மாதிரி யாருக்கும் சொல்லிராத. எனக்கும் சொல்லாத."

பதினைந்தாம் தேதிக்கு இன்னும் நாள் இருந்தது. ஆனாலும் நான் எழுந்து போய் ஹெல்மெட் கொக்கிக்கு எண்ணெய் விட்டேன்.